பூனையின் கண்ணெரிவும் வீட்டுப் பராமரிப்பும்

நெற்பயிர் செய்வோர் வீட்டிற் பூனை பொழுதுபோக்குக்காக வளர்க்கப்படும் பிராணியன்று. பட்டறையில் இட்ட நெல்லுக்கும், அடுத்த போகத்துக்கெனச் சாக்கிற் கட்டிவைத்த விதைநெல்லுக்கும், தோட்டத்துக்கெனச் சேர்த்த பயற்றை, வெண்டி, கத்தரி விதைகளுக்கும் இராக்காவல் செய்வது அதுவே. எலி தின்னும் நெல்லினும் அது மலசலத்தாற் கெடுக்கும் நெல் மிகுதி என்பதைக் கமக்காரர் அறிவர். எலியின் சிறுநீர் கலந்த சேற்றாலும் நீராலும் மனிதரைத் தொற்றும் எலிக்காய்ச்சல் 2008ஆம் ஆண்டில் இலங்கையிற் பெருமளவிற் பரவி, அவ்வொரு வருடத்தில் மட்டும் ஏழாயிரத்துக்கு மேற்பட்டோர் அந்நோய் கண்டோராகப் பதிவு செய்யப்பட்டனர். ஒரு பூனையை வளர்ப்பதால் அந்நோய் நீங்கிவிடும் என்பதற்கில்லை. எனினும் வீட்டினுள்ளும் பட்டறையடியிலும் எலி குடியேறாதிருக்கப் பூனையினும் மலிந்த காவல் வேறில்லை.

அக்காவலாளியின் ஆயுதம் அதன் கண்ணாகும். மனிதர்க்கு வேண்டிய வெளிச்சத்தில் ஏறக்குறைய ஆறிலொரு பங்கு இருந்தாலே பூனைக்குப் பார்வை தெரியும். அத்தகைய கண்ணிற் பீளை கட்டி, இமை வீங்கி, நீர் வடியும்போது, “பூனைதானே, நக்கி ஆற்றிக்கொள்ளும்” என்று விட்டுவிடுவது வழக்கம். உடம்பிலுள்ள சிறு காயத்தைப் பூனை நக்கிக்கொள்ளும். கண்ணை அதனால் நக்க முடியாது. முன்னங்காலால் தேய்க்கவே முடியும். அத்தேய்ப்பினாற் சிறு எரிச்சலும் பெரும் புண்ணாகிவிடுகின்றது.

இத்துண்டுப்பிரசுரம் வற்புறுத்துவது ஒன்றே. வீட்டிற் பூனையின் கண்ணைக் கழுவலாம், காக்கலாம், கவனிக்கலாம். மிருக வைத்தியர் பார்க்குமுன் அதில் மருந்து எதனையும் இடலாகாது. ஏன் இடலாகாது என்பது பின்னர் விளக்கப்படும்.

எரிச்சல் உண்டாகுங் காலங்கள்

பெரியகல்லாறு, கிழக்கே கடலும் மேற்கே மட்டக்களப்பு வாவியுமாக இரு நீருக்கும் நடுவே அமைந்த ஊர். எழுவான்கரையிலுள்ள இத்தகைய ஊர்களிற் கமக்காரர் பலர்க்கு வயல் வாவிக்கு அப்பால், படுவான்கரை வட்டைகளில் இருக்கும். வீடும் மரக்கறித் தோட்டமும் இப்பால், மணற்பாங்கான நிலத்தில் இருக்கும். ஆதலின் இங்குள்ள பூனைக்கு வருடத்தில் இரு காலங்களிற் கண்ணெரிவு மிகுதியாகக் காணப்படும்.

ஒன்று, மாரி வேளாண்மை வெட்டி நெல் வீடு வந்து சேரும் காலம். நெல்லை முற்றத்திற் காயப்போட்டுத் தூற்றும்போது எழும் தூசிலே பதரும், உமியின் கூரும், கண்ணுக்குப் புலனாகாத சுணையும் கலந்திருக்கும். வெட்டும் இயந்திரம் வந்தபின்பும் இத்தூசு இல்லாது போகவில்லை. களவெட்டியில் எழுந்தது இன்று முற்றத்தில் எழுகின்றது, அவ்வளவே. பூனையோ புதுநெல்லின் குவியலைக் கண்டால் அதன்மேலேயே படுக்கும்.

மற்றையது கச்சான் காற்று வீசும் காலம். வைகாசி தொடங்கி ஆவணி வரையில் மேற்கிலிருந்து வரும் அவ்வுலர்காற்று, மனிதர் கண்ணையே காந்தச் செய்யும். மணலும் வைக்கோற்றூளும் அதனோடு பறக்கும். அக்காலத்திற் பூனை இரு கண்களையும் இடுக்கிக்கொண்டு தெளிந்த நீர் வடியவிட்டு நிற்குமாயின், பெரும்பாலும் அது தூசின் வேலையே.

இவையன்றி வீட்டினுள்ளேயும் காரணங்கள் உள. மாட்டுக்கு மூட்டும் புகை, நுளம்புச் சுருள், விறகடுப்பு ஆகியவை ஒருபுறம். மிளகாய் மற்றொருபுறம். செத்தல் மிளகாய் இடித்த பாயிற் பூனை புரண்டாலும், மிளகாய் ஆய்ந்த கையினால் அதன் முகத்தைத் தடவினாலும் கண் எரியும். வெற்றிலை வட்டாவிலுள்ள சுண்ணாம்பு இவை எல்லாவற்றிலும் கொடியது; அதுபற்றிக் கீழே தனியாகக் கூறப்படும்.

தூசா, காயமா, தொற்றா?

பூனையின் கண்ணைப் பார்ப்பதற்கு உகந்த இடம், பகல் வெளிச்சம் படும் திண்ணை. நேர் வெயில் ஆகாது. வெயிலிற் கண்மணி நூல்போற் சுருங்கிவிடுமாதலின் எதுவும் தெரியாது. முதலில் எட்டி நின்று இரு கண்களையும் ஒப்பிட்டுப் பார்த்தல் வேண்டும். பின்பே தொடவேண்டும். பூனையைப் பிடித்தவுடன் அது வெருண்டு கண்ணை மூடிக்கொள்ளும். ஆகையால் எட்டி நின்று காண்பதே பாதி சோதனையாகும்.

நலமுள்ள பூனையின் உட்கண் மூலையிற் காலையிற் சிறிது பழுப்பு நிறப் பீளை உலர்ந்திருத்தல் இயல்பு. அது நோயன்று. கண்ணின் உள்மூலையில் வெண்மையான தோலொன்று பாதிக் கண்ணை மூடி ஏறிநின்றால், அது சதை வளர்ச்சியுமன்று, படலமுமன்று. பூனைக்கு இயற்கையிலே உள்ள மூன்றாம் இமை அது. கண் நோகும்போதும், உடல் மெலிந்தபோதும் அது வெளியே வந்து நிற்கும். அதனைப் பூ விழுந்தது என்று கருதிப் பிடித்திழுத்தோ, நகத்தாற் சுரண்டியோ பூனையைக் குருடாக்குவோரும் உளர்.

இரு கண்ணிலும் தெளிந்த நீர் வடிந்து, பூனை வழமைபோல உண்டு உலாவுமாயின் தூசோ புகையோ காரணமாகலாம். ஒரு கண் மட்டும் திடீரென்று மூடப்பட்டு, பூனை அதனைத் திறக்க மறுக்குமாயின் காயம் என்றே கொள்ளுதல் வேண்டும்: நெற்கூர் குத்தியிருக்கலாம், அல்லது இரவிற் சண்டையிட்ட மற்றொரு பூனையின் நகம் பட்டிருக்கலாம். கண்ணோடு தும்மலும் சளியும் சேர்ந்து, பீளை மஞ்சளாகவோ பச்சையாகவோ தடித்துவருமாயின் தொற்றுநோய். இப்பாகுபாடு எப்போதும் பிழையாது என்று கூறுவதற்கில்லை. தொற்றும் சிலவேளை ஒரு கண்ணிலே தொடங்கிச் சில நாளின்பின் மற்றைய கண்ணுக்குச் செல்லும். ஆயினும் முதனாட் பார்வைக்கு இது போதுமானது.

தொற்றுநோய்களுள் முதன்மையானது பூனைத்தடிமன் எனத்தக்கது. அதனை உண்டாக்கும் வைரசுகளுள் ஒன்றை 1958ஆம் ஆண்டில் அமெரிக்காவிற் கிரண்டல், மௌரர் என்னும் ஆய்வாளர் பிரித்தறிந்தனர். அவ்வைரசு ஒருமுறை புகுந்தாற் பெரும்பாலான பூனைகளில் ஆயுள் முழுவதும் நரம்பினுள் ஒளிந்திருக்கும். புதுப்பூனை ஒன்று வீட்டுக்கு வரும்போதும், குட்டி ஈன்று தளரும்போதும், வேறு நோயால் மெலியும்போதும் மீண்டும் வெளிப்பட்டுக் கண்ணைச் சிவக்கச் செய்யும். “சென்ற வருடமும் இதே கண்தான் வந்தது” என்று வீட்டார் கூறும் பூனைகள் பல இவ்வகையினவே. இது மனிதரைத் தொற்றாது. பூனைக் கண்ணோய்க்குக் காரணமான கிளமிடியா என்னும் கிருமியோ மிக அரிதாக மனிதரையும் தொற்றக்கூடும். ஆதலாற் கண்ணைக் கழுவியபின் சவர்க்காரமிட்டுக் கையைக் கழுவுதல் கட்டாயம்.

கண்ணைக் கழுவும் முறை

மருந்துக்கடையில் விற்கும் கலப்பற்ற சேலைன் நீர் கிடைக்குமாயின் அதுவே சிறந்தது. கிடையாதவிடத்து வீட்டிலேயே உப்புநீர் ஆக்கிக்கொள்ளலாம். அரை லீற்றர் நல்ல நீரை ஐந்து நிமிடத்துக்குக் குறையாமற் கொதிக்கவைத்து, அதில் முக்காற் றேக்கரண்டிக்குச் சற்று மேலாக, அதாவது நாலரைக் கிராம் அளவான, தூய தூள் உப்பைக் கரைத்து, மூடியபடியே ஆறவிடுக. இது கண்ணீரின் உப்புக்கு ஒப்பானது. உப்பு மிகுந்தாலும் குறைந்தாலும் கண் காந்தும். ஆகவே கைப்பிடியால் அள்ளிப்போடும் வழக்கம் இங்கு ஆகாது.

வாவியோரத்துக் கிணறுகளில் நீர் பலவிடத்து உவர். கச்சான் காலத்தில் அவ்வுவர் இன்னும் ஏறும். உவர்நீரில் மேலும் உப்பிட்டாற் பூனையின் கண் தாங்காது. வீட்டார் குடிக்கும் நீரையே இதற்கு எடுத்தல் வேண்டும். ஒருநாள் ஆக்கிய நீரை மறுநாளுக்கு வைத்திருத்தலும் ஆகாது, எஞ்சியதை ஊற்றிவிடுக.

துடைப்பதற்குப் பழைய வெள்ளை வேட்டித் துண்டைச் சிறு சிறு சதுரங்களாகக் கிழித்து, நீரில் அவித்து, பிழிந்து வைத்துக்கொள்ளலாம். மருந்துக்கடை வலைத்துணியும் நன்று. பஞ்சின் நார் இமையில் ஒட்டிக்கொண்டு தானே எரிச்சலை உண்டாக்குமாதலால், வேறு இல்லாதபோது மட்டும் நன்கு நனைத்துப் பயன்படுத்துக.

பூனையைப் பிடிப்பதிலேதான் பலர் தோற்றுப்போகின்றனர். இதற்கு இருவர் வேண்டும். துவாயை அல்லது பழஞ்சாரத்தை மேசைமேல் விரித்து, நடுவே பூனையை இருத்தி, கழுத்திலிருந்து வால் வரையில் இருபுறமும் மடித்துச் சுற்றி, தலை மட்டும் வெளியே தெரியும்படி செய்க. முன்னங்கால்கள் இரண்டும் துணிக்குள் அடங்கியிருத்தல் முக்கியம். ஒருவர் பின்னிருந்து அணைத்துப் பிடிக்க, மற்றவர் பக்கத்தே நின்று வேலை செய்க. எதிரே நின்று கையை முகத்துக்கு நேரே கொண்டுசென்றால் எத்தகைய சாதுப் பூனையும் சீறும். பிடரித்தோலிற் பிடித்துத் தூக்கித் தொங்கவிடுதல் வேண்டாதது; அஃது அச்சத்தையே வளர்க்கும்.

கழுவுவோர் முன்னதாகச் சவர்க்காரமிட்டுக் கை கழுவுதல் வேண்டும். அன்று மிளகாய் பிடுங்கிய கையோ, பயிருக்கு மருந்தடித்த கையோ ஆயின் அப்பணியை வேறொருவரிடம் விடுவது நன்று; மிளகாயின் காரம் ஒரு கழுவலிற் போவதன்று. உப்புநீர் கைமணிக்கட்டின் உட்புறத்தில் விட்டாற் சூடு தெரியாத அளவு வெதுவெதுப்பாக இருத்தல் வேண்டும்.

நனைத்த துணியை மூடிய கண்ணின்மேல் ஓரிரு நிமிடம் வைத்தாற் காய்ந்த பீளை ஊறும். ஊறியபின் மூக்கோரத்து மூலையிலிருந்து வெளிப்புறமாக ஒரே தடவை மெல்லத் துடைத்து, அத்துண்டை அப்புறப்படுத்துக. அடுத்த தடவைக்குப் புதுத்துண்டு எடுக்க. ஒரு கண்ணைத் துடைத்த துண்டு மற்றைய கண்ணிற் படலாகாது. பீளை வராவிடின் இழுக்க வேண்டாம். மீண்டும் ஊறவைத்தாற் போதும். இமை திறந்தபின், ஊசி நீக்கிய ஊசிக்குழாயினாலோ துணியைப் பிழிந்தோ உப்புநீரை மூக்கோரத்திலிருந்து வெளிப்புறமாக ஓடவிடுக. தூசும் தளர்ந்த உமியும் இதனாற் பெரும்பாலும் வெளியேறும். பாய்ச்சும் விசை மிகுதலாகாது. நாளொன்றுக்கு மூன்று அல்லது நான்கு தடவை இவ்வாறு செய்யலாம்.

நெற்கூர் கண்ணிலே குத்தி நிற்பது தெரிந்தால் கழுவுதலையும் நிறுத்துக. அதனைப் பிடுங்கவே கூடாது. கண்ணின் முன்புறத்திற் கண்ணாடிபோலத் தெளிந்துநிற்கும் படலம் ஒரு மில்லிமீற்றருக்கும் குறைந்த தடிப்புடையது. கூர் அதனை ஊடுருவியிருப்பின், பிடுங்கிய துளைவழியே கண்ணினுட் சுரக்கும் நீர் வடிந்து கண்ணே அமிழ்ந்துவிடும். பூனையைக் கூடையிலிட்டு உடனே வைத்தியரிடம் கொண்டுசெல்வதே செய்யத்தக்கது.

சுண்ணாம்பும் பயிர்மருந்தும் பட்டால்

இங்கே மட்டும் ஒரு நிமிடமும் தாமதிக்கலாகாது. உப்புநீர் காய்ச்சிக்கொண்டிருக்க நேரமில்லை. கைக்கெட்டிய நல்ல நீர் எதுவாயினும் அதனைக் கொண்டு பதினைந்து முதல் இருபது நிமிடம் வரை இடைவிடாது கண்ணிற் பேணியால் மெல்ல ஊற்றுதல் வேண்டும். சுண்ணாம்புக் கட்டி இமையில் ஒட்டியிருந்தால் ஈரத்துணியால் அதனை முதலில் எடுத்துவிட்டு ஊற்றுக. புளிப்பு சுண்ணாம்பை முறிக்கும் என்று தேசிக்காய்ச்சாறு விடுவோர் உளர். அஃது ஓர் எரிவின்மேல் மற்றோர் எரிவு. சுண்ணாம்பு போன்ற காரம் கண்ணின் படலத்தைக் கரைத்து உள்ளே செல்லும் இயல்புடையதாதலால், கழுவியபின் கண் தெளிவாகத் தோன்றினும் அன்றைக்கே வைத்தியர் பார்க்கவேண்டும்.

பயிர்மருந்து பட்ட பூனைக்கு மேலும் ஓர் ஆபத்து உண்டு. முகத்து மயிரிலும் காலிலும் பட்ட மருந்தை அது நக்கி விழுங்கிவிடும். ஆகவே கண்ணைக் கழுவியபின் முகத்தையும் கால்களையும் நீரினாற் கழுவி உலர்த்துக. கண்மணி ஊசிமுனைபோற் சுருங்கி, வாயிலிருந்து எச்சில் ஒழுகி, உடல் நடுங்குமாயின் நஞ்சு உடலிற் சென்றுவிட்டது என்பது பொருள். மருந்துப் போத்தலின் பெயர்ச்சீட்டையும் உடன் எடுத்துச் செல்க. அதனைக் கண்டாலன்றி வைத்தியர்க்கு எந்த நஞ்சு எனத் தெரியாது.

எலிநஞ்சு பற்றியும் இங்கே சொல்லவேண்டும். இக்காலத்து எலிநஞ்சு பல, இரத்தம் உறைவதைத் தடுப்பவை. நஞ்சுண்ட எலியைத் தின்ற பூனைக்குச் சில நாளின்பின் கண்ணினுள்ளே இரத்தம் கட்டி நிற்கலாம். முரசிலும் மூக்கிலும் இரத்தம் கசியலாம். இது கண்ணோயன்று, கழுவுவதாற் றீராது. காலத்தில் வைத்தியரிடம் சென்றால் மாற்று மருந்து உண்டு. நெற்பட்டறையைக் காக்கப் பூனையையும் வளர்த்து, அதே பட்டறையடியில் நஞ்சையும் வைப்பது காவலாளியின் சோற்றிலே நஞ்சிடுவதை ஒக்கும்.

கண்ணில் இடலாகாதவை

வீட்டிலுள்ள மூத்த பெண்மணி, “தாய்ப்பால் ஒரு துளி விடு மகன், எல்லாம் சுகம்” என்பார். நந்தியாவட்டைப் பூவின் சாறு, தேயிலைச் சாயம், தேன், மஞ்சள்நீர் எனச் சொல்லப்படுவன பலவாகும். நந்தியாவட்டையை மனிதர் கண்ணுக்கு நாட்டு வைத்தியர் கையாண்டதுண்டு. ஆயினும் அவர் அதனைப் பக்குவமறிந்து கையாண்டனர். பூனையின் கண்ணிலே புண் உண்டோ இல்லையோ என்று அறியாமற் பிழிந்த சாறு அதுபோன்றதன்று. பாலும் தேனும் கிருமிக்கு உணவாகும். டெட்டோல் போன்ற கிருமிநாசினிகள் எவ்வளவு நீர் கலந்தாலும் பூனைக்கு ஆகா. கண்ணுக்கு மட்டுமன்று, மயிரிலிருந்து நக்கினாலும் அவை நஞ்சாகும்.

ஆயினும் இலைச்சாற்றைவிட மிகுந்த தீங்கு செய்வது, வீட்டிலுள்ளோர்க்கு முன்பு வாங்கி எஞ்சிய கண்மருந்தே. அவற்றுட் சிலவற்றிற் டெக்சாமெதசோன், பிரெட்னிசொலோன் முதலிய ஸ்டீரொயிட் மருந்துகள் கலந்திருக்கும். அவை கண்ணின் சிவப்பை ஒரே நாளில் அடக்கும். வீட்டார் மகிழ்வர். ஆனாற் படலத்திலே புண் இருக்குமாயின் அதே மருந்து புண் ஆறுவதைத் தடுத்து, கிருமிக்கு வழிவிட்டு, ஓரிரு நாளிற் படலம் உருகித் துளைபடவும் காரணமாகும். புண் உண்டோ இல்லையோ என்பதை வெறுங்கண்ணால் அறிதல் அரிது. மிருக வைத்தியர் பச்சையாய் ஒளிரும் சாயத்துளி ஒன்றை விட்டுப் பார்ப்பார். புண் இருக்குமிடம் மட்டும் அச்சாயத்தைப் பற்றிக்கொண்டு விளங்கும். அச்சோதனைக்கு முன் மருந்திடலாகாது என முதலிற் கூறப்பட்டது இக்காரணம் பற்றியே.

விழுங்க மருந்து கொடுப்பதிலும் இரண்டு ஆபத்துக்கள் உண்டு. நோவுக்கெனப் பனடோல் கொடுத்தல் ஒன்று. மனிதர்க்குத் தீங்கற்ற அக்குளிசையைச் சிதைத்து அகற்றும் ஆற்றல் பூனையின் ஈரலுக்கு இல்லை. ஒரே குளிசை ஒரு பூனையைக் கொன்றுவிடப் போதும். மற்றையது டொக்சிசைக்கிளின். எலிக்காய்ச்சலைத் தடுக்கும்பொருட்டு வயலில் இறங்கும் கமக்காரர்க்குச் சுகாதாரப் பகுதியார் இதனை வழங்குவதால், இது பல வீடுகளில் எஞ்சியிருக்கும். பூனையின் கண்தொற்றுக்கும் இதே மருந்தை மிருக வைத்தியர் எழுதுவதுண்டு. அதைக் கேள்வியுற்றுத் தாமே கொடுப்போரும் உளர். பூனையின் நிறைக்கேற்ற அளவு வேறு. அன்றியும், அம்மருந்து பூனையின் தொண்டைக்குழாயில் நீரின்றி ஒட்டிநின்றால் அவ்விடத்தை எரித்துப் புண்ணாக்கி, குழாயைச் சுருங்கச் செய்யும். பின்பு அப்பூனை உணவை விழுங்கமாட்டாது மெலிந்து இறக்க நேரும். வைத்தியர் எழுதிக்கொடுத்த விடத்தும் அதன்பின் சிறிது நீரையோ உணவையோ உட்கொள்ளச் செய்தல் வேண்டும். கமக்காரர்க்கு வழங்கப்பட்டது கமக்காரர்க்கே உரியது.

குட்டிகளின் கண்

பூனைக்குட்டி பிறந்து ஏழு முதற் பதினான்கு நாளிற் கண் திறக்கும். திறக்குமுன் மூடிய இமையின்கீழ் வீக்கம் தோன்றி, மூலையிற் சீழ் கசியுமாயின் உள்ளே சீழ் கட்டிவிட்டது. நெற்சாக்கிடையே ஈன்ற குட்டிகளில் இதனைக் காண்பது அரிதன்று. வெதுவெதுப்பான உப்புநீர்த் துணியை ஒற்றி இமையை ஊறவைக்கலாம்; நகத்தாற் பிளந்து திறக்கக்கூடாது. அன்றைக்கே வைத்தியர் இமையை விடுவித்துச் சீழை வெளியேற்றாவிடின், கண் திறக்கும் நாளில் அங்கே கண் இராது. ஒரு குட்டிக்கு வந்தால் ஏனையவற்றையும் நாள்தோறும் பார்த்தல் வேண்டும். குட்டிகளைத் தாயிடமிருந்து பிரிக்கவேண்டியதில்லை. சாக்கையும் துணியையும் மாற்றினாற் போதும்.

உணவும் ஒதுக்கிடமும்

மூக்கடைத்த பூனைக்கு மணம் தெரியாது. மணம் தெரியாத உணவை அது தொடாது. சிறிய மீனை அவித்து, முள் நீக்கி, இளஞ்சூட்டுடன் வைத்தாற் பெரும்பாலும் உண்ணும். இரண்டு நாள் முழுப்பட்டினி கிடக்கும் பூனைக்கு, கண்ணைவிட ஈரல் முதலிற் கெட்டுவிடும். அதுவரை காத்திருத்தல் தகாது.

சோறு மட்டும் போட்டு வளர்க்கும் வழக்கத்தைப் பற்றியும் ஒரு சொல். மாமிசத்திலும் மீனிலும் உள்ள தோரீன் என்னும் பொருள் பூனைக்கு இன்றியமையாதது. அது குறைந்த உணவுண்ட பூனைகளின் விழித்திரை தேய்ந்து பார்வை மங்குவதை 1975ஆம் ஆண்டில் அமெரிக்க ஆய்வாளர் நிறுவினர். அவ்வாறு குருடாகும் கண்ணிற் பீளையுமில்லை, சிவப்புமில்லை, ஒருவரும் கவனியார். எலி பிடித்துத் தின்னும் பூனைக்கு இக்குறை வருவதரிது. எலி பிடிக்காது சோற்றையும் குழம்பையுமே நம்பியிருக்கும் பூனைக்கு மீனும் முட்டையும் வேண்டும்.

தொற்றுள்ள பூனையைப் பீளையும் தும்மலும் அடங்கும் வரையில், இரண்டு கிழமையாவது, மற்றப் பூனைகளிலிருந்து பிரித்து, புகையும் தூசும் வராத ஓர் அறையில் வைத்திருத்தல் நன்று. அதன் சட்டியைச் சவர்க்காரமிட்டுக் கழுவி வெயிலில் உலர்த்துக. மற்றப் பூனைக்கு அதில் உணவிடாதிருக்க. நலமுள்ள பூனைகளைப் பார்த்தபின்பே நோயுற்றதன் அருகே செல்க. பூனைத்தடிமனுக்குத் தடுப்பூசி உண்டு. அது நோயை முற்றாகத் தடுப்பதன்று, அதன் கடுமையைக் குறைப்பது. குட்டிகள் ஆறு முதல் எட்டுக் கிழமையாகும்போது முதல் ஊசிக்குரிய காலமாகும்.

முன்னங்காலாற் கண்ணைத் தேய்ப்பதை நிறுத்தாத பூனைக்கு, கடதாசி அட்டையைப் புனல்போல வெட்டிக் கழுத்திற் கட்டலாம். உள்விளிம்பிலே துணி ஒட்டினாற் கழுத்து அறுபடாது. கழுத்துக்கும் அட்டைக்கும் நடுவே இரு விரல் நுழைய இடமிருக்க வேண்டும். அதனோடு உண்ண முடிகின்றதா என்பதையும் கவனித்தல் வேண்டும். முடியாவிடின் உணவு வேளையிற் கழற்றி, உண்டபின் கட்டுக.

வைத்தியரை நாடவேண்டிய நிலைகள்

தூசினால் வந்த எரிச்சல் கழுவிய ஒரே நாளிற் குறையத் தொடங்கும். ஒரு நாட் கழுவியும் குறையாதது வெறுந்தூசன்று. அன்றியும் கண் முற்றாக மூடியிருத்தல், படலம் நீலமாகவோ வெண்மையாகவோ மங்குதல், இரு கண்மணிகளும் அளவில் வேறுபடுதல், கண்ணினுள் இரத்தம் தோன்றுதல், விழி வெளியே பிதுங்குதல் ஆகியவற்றுள் ஒன்று காணப்பட்டாலும் அன்றைய பொழுது சாயுமுன் செல்லவேண்டும். பெரியகல்லாற்றார்க்கு உரியது மண்முனை தென் எருவில் பற்றுப் பிரதேசத்து அரச கால்நடை வைத்திய அலுவலகம். மாட்டுக்கும் ஆட்டுக்கும் மட்டுமே அவ்விடம் செல்வது என்னும் எண்ணம் பலரிடம் உண்டு. பூனையுடன் செல்லக் கூச்சப்படவேண்டியதில்லை.

வைத்தியர் கண்களிம்பு கொடுத்தால், மேலே கூறியவாறு பூனையைச் சுற்றிப் பிடித்து, முதலிற் கண்ணைக் கழுவி, கீழிமையைச் சற்றே இழுத்து, அதன் உட்புறத்தில் ஓர் அரிசியளவு களிம்பை இட்டு, இமையை மூடி மெல்லத் தடவுக. குழாயின் நுனி கண்ணிற் படலாகாது. கண் தெளிந்துவிட்டது என்று மூன்றாம் நாளே நிறுத்திவிடாமற் சொன்ன நாள் வரையும் இடுதல் வேண்டும். திறந்த குழாயை, வேறு குறிப்பு இல்லாவிடின், நான்கு கிழமைக்குப்பின் எறிந்துவிடுக.

பூனை கடித்தாலும் பிறாண்டினாலும் அவ்விடத்தைச் சவர்க்காரமிட்டு ஓடும் நீரிற் பதினைந்து நிமிடம் கழுவி, வைத்தியசாலைக்குச் சென்று காட்டுதல் வேண்டும். விசர்நாய்க்கடி நோய் பூனைவழியும் வரும். ஊரறியாத பூனை, காரணமின்றிச் சீறுவது, நடை தள்ளாடுவது ஆகியவற்றின் கண்ணைக் கழுவ முற்படவே வேண்டாம்.

வைத்தியரிடம் கொண்டுசெல்லும்போது பூனையைச் சாக்கிலே கட்டிச் செல்வது வழக்கம். சாக்கின் தூசு புண்பட்ட கண்ணுக்கு ஆகாது. காற்றுப்புகத் துளையிட்ட அட்டைப்பெட்டியிலோ மூடியுள்ள பிரம்புக் கூடையிலோ பழந்துணி விரித்து, அதன்மேல் பூனையை இருத்தி, கூடையை ஈரமற்ற துணியால் மூடிக்கொள்க. மோட்டார்ச் சைக்கிளிற் செல்வோர் கூடையை முன்னே வையாமல், பின்னிருப்பவர் மடியிலே, காற்று நேரே படாதவாறு வைத்துச் செல்க.